ஏழாவது சுருள்

தாண்டிக்குடி
12-2-1961

மதிப்பிற்குரிய கஸ்பார் மச்சானுக்கு,

உங்கள் மாப்பிள்ளை மரியசெல்வம் வணக்கம் சொல்லி எழுதுவது. சேசு மரி சூசை தயவில் எனக்கு ஒரு குறையும் இல்லை. உங்கள் முதுகுப் பிடிப்பு எப்படி இருக்கிறது? உங்கள் தங்கை மேரிக்கு நாலாம் மாதத்தில் வாந்தி நின்றுவிடும் என்று உங்கள் வீட்டு அக்கா சொன்னார்களே, நின்றதா?

காஷ்மீர் வரை சுற்றியவனுக்குக் காட்டுவாசிப் பளியர் குடியில் என்ன சோலி என்று புறப்படும்போது கேட்டீர்கள். இப்போது சொல்கிறேன். துரைக்குக் கார் ஓட்டிக்கொண்டு ஆறு வருஷம் ஊர் சுற்றினேன். அவர் கப்பலேறும்போது சாவி கொடுத்து ஓட்டுகிற தன் சினிமா கேமராவை என் கையில் கொடுத்துவிட்டுப் போனார். ஏரி, அருவி, ரயில், பனிமலை எல்லாம் எடுத்துக் கோயில் திருவிழாக்களில் காட்டினேன். சனம் கைதட்டியது. போன வருஷம் இங்கே காப்பித் தோட்டத்தில் அதே படங்களைக் காட்டினேன். கடைசி வரிசையில் இருந்த ஒரு பளியன், சடையன் என்று பெயர், படம் முடிந்ததும் என்னிடம் வந்து, "இதுல ஆளுக என்ன செய்றாக சார்?" என்று கேட்டான். யோசித்துப் பார்த்தால் என் படங்களில் ஆளே இல்லை மச்சான். யாராவது இருந்தாலும் கேமராவைப் பார்த்துச் சலாம் போடுகிறவன்தான் இருக்கிறான். அன்றிலிருந்து எனக்குத் தூக்கம் போய்விட்டது.

அதனால்தான் வந்தேன். பதினேழு குடிசை. சடையன் பாறைத்தேன் வெட்டுகிறவன். அவன் பெண்டாட்டி இருளாயி, இரண்டு பிள்ளைகள். இருளாயியின் அண்ணன் வேலுமணி அடுத்த குடிசை. அவர்கள் கிழங்கு தோண்டுவது, கூரை போடுவது, பிள்ளைக்கு வைத்தியம் பார்ப்பது என்று எல்லாவற்றையும் எடுக்கப்போகிறேன்.

எடுத்த சுருள்களைப் பம்பாய்க்குக் கழுவ அனுப்புகிறேன். திரும்பி உங்கள் பள்ளிக்கூட விலாசத்துக்கு வரும். பள்ளிக்கூட மெஷினில் ஓட்டிப் பார்த்து எப்படி இருக்கிறது என்று எழுதுங்கள். இங்கே எனக்குப் பார்க்க வழியில்லை. தோட்டத்துக் கணக்கப்பிள்ளை சுவாமிநாதன் மேற்பார்வையில் கடிதம் போட்டால் கிடைக்கும்.

என்றும் உங்கள் அன்பை நாடும்
மரியசெல்வம்

---

நாயுடுபுரம்
2-3-1961

அன்பு மாப்பிள்ளைக்கு,

கஸ்பார் எழுதுகிறேன். என் முதுகைப் பற்றி விசாரித்தீர்கள். அது உங்களைவிட ஒழுங்காக வீட்டில் இருக்கிறது. மேரிக்கு வாந்தி நின்றுவிட்டது. இப்போது எந்நேரமும் புளிப்பு கேட்கிறாள். உங்கள் சட்டைகளை வாரம் ஒரு தடவை எடுத்துத் தேய்த்து மறுபடி பெட்டியில் வைக்கிறாள்.

முதல் இரண்டு சுருளும் வந்தன. சனிக்கிழமை பிள்ளைகளுக்குப் படம் காட்டி முடித்த கையோடு ஓட்டினேன். மாப்பிள்ளை, நான் உங்களைப் பிழைக்கத் தெரியாதவர் என்று பத்துப் பேரிடமாவது சொல்லியிருக்கிறேன். அதைத் திரும்ப வாங்கிக்கொள்கிறேன். அந்த இருளாயி கிழங்கைச் சாம்பலிலிருந்து எடுத்து ஊதி ஊதிப் பிள்ளைக்குக் கொடுக்கிறாளே, அதை மூன்று தடவை ஓட்டினேன். தலைமையாசிரியர் வந்து கரண்டு செலவைப் பற்றிப் பேசத் தொடங்கினார். அவரையும் உட்காரவைத்துக் காட்டினேன். கரண்டை மறந்து கடைசி வரை பார்த்தார்.

பிரசவத்துக்காவது வந்து சேருங்கள். அது ஜூலையில். சுகத்தோடு இருக்க மாதாவிடம் வேண்டிக்கொள்ளும்,
கஸ்பார்

---

தாண்டிக்குடி
9-4-1961

மதிப்பிற்குரிய மச்சானுக்கு,

உங்கள் கடிதத்தைச் சட்டைப் பையிலேயே வைத்திருக்கிறேன். இங்கே காய்ச்சல் ஒன்றும் இல்லை. அட்டைகள்தான் தொந்தரவு. மேரிக்கு நெல்லிக்காய் கொடுத்து அனுப்பினேனே, வந்து சேர்ந்ததா?

ஒரு சங்கதி எழுத வேண்டும். இங்கே தேன் வெட்டப் போகும்போது ஒருவன் கொடிக்கயிற்றில் பாறையில் இறங்குவான். மேலே ஒருவன் அந்தக் கயிற்றை மரத்தில் ஒரு சுற்றுச் சுற்றிக் கையில் பிடித்துக்கொண்டு நிற்பான். கீழே இருப்பவன் ஒரு தடவை இழுத்தால் இன்னும் இறக்கு என்று அர்த்தம். மூன்று தடவை இழுத்தால் தூக்க வேண்டும். அந்தக் கயிற்றில் நிற்கிறவன் இறங்குகிறவனுடைய மச்சினனாகத்தான் இருக்க வேண்டுமாம். கூடப்பிறந்தவனை நிறுத்த மாட்டார்கள். "அண்ணன் தம்பிக்குள்ள ஆயிரம் இருக்கும் சார். மச்சினன் விட மாட்டான். விட்டா அவன் கூடப்பொறந்தவதான தனியா நிக்கணும்" என்று சடையன் சிரிக்கிறான். வேலுமணி பத்து வருஷமாக அவன் கயிற்றில் நிற்கிறான். மச்சினன் மேல் இவ்வளவு நம்பிக்கை வைக்கிற சனத்தை நான் எங்கும் பார்த்ததில்லை. என் படமே இதுதான் மச்சான்.

ஆனால் தேன் வெட்டுவது அமாவாசை இருட்டில். இருட்டில்தான் ஈ கிளம்பாதாம். என் கேமராவுக்கு இருட்டில் கண் தெரியாது. ஒரே ஒரு தடவை பகலில் வெட்டச் சொல்லிக் கேட்டுக்கொண்டிருக்கிறேன். வேலுமணி முடியவே முடியாது என்கிறான். சடையனுக்கு மட்டும் ஆசை இருக்கிறது. "என் மூஞ்சி தெளிவா விழுமா சார்?" என்று நாலு தடவை கேட்டுவிட்டான்.

பணிவுள்ள
மரியசெல்வம்

---

நாயுடுபுரம்
25-4-1961

அன்பு மாப்பிள்ளைக்கு,

நெல்லிக்காய் வந்தது. பாதி வழியிலேயே லாரிக்காரர் தின்றுவிட்டார். மிச்சத்தை மேரி ஒரே நாளில் தீர்த்தாள். எல்லோரும் நலம். சீசனுக்கு வெள்ளைக்காரர்கள் வரத் தொடங்கிவிட்டார்கள். கேரட் விலை ஏறிவிட்டது.

மூன்றாவது, நாலாவது, ஐந்தாவது சுருள்கள் நன்றாக வந்திருக்கின்றன. தேன் சமாச்சாரம்தான் எனக்குப் பிடிக்கவில்லை. வேலுமணி முடியாது என்றால் விட்டுவிடுங்கள். பாறையில் இறங்குகிறவனுக்கு உங்கள் கேமரா முன்னால் ஆசை வரத்தான் செய்யும். மேலே நிற்கிறவனுக்குத்தான் பயம் தெரியும். நானும் ஒருத்தனுக்கு மச்சான் என்பதால் சொல்கிறேன். இருட்டை இருட்டாகவே விட்டு, தேனடையோடு திரும்பி வருகிறதை எடுங்கள். பார்க்கிறவர்களுக்குப் புரியும்.

இதற்கு உடனே பதில் போடுங்கள்.
கஸ்பார்

---

வத்தலக்குண்டு
30-5-1961

மச்சானுக்கு,

நலம். நான் நேராக மெட்ராஸ் போகிறேன். பஸ்ஸுக்குக் காத்திருக்கும் நேரத்தில் எழுதுகிறேன்.

சடையன் இறந்துவிட்டான். பாறையில் கயிறு அறுந்துவிட்டது. தேவ சித்தம். என்ன செய்ய முடியும்.

ஏழாவது சுருளைப் பம்பாய்க்கு அனுப்பியிருக்கிறேன். பள்ளிக்கூடத்துக்கு வந்ததும் பிரிக்காமல் அப்படியே எனக்கு ரிஜிஸ்டர் தபாலில் அனுப்புங்கள். ஓட்ட வேண்டாம். உங்கள் மெஷினில் கீறல் விழுகிறது.

மெட்ராஸ் விலாசம் பிறகு எழுதுகிறேன். மேரியிடம் சொல்லுங்கள்.
மரியசெல்வம்

---

நாயுடுபுரம்
3-7-1961

அன்பு மாப்பிள்ளைக்கு,

நேற்றுத்தான் உங்கள் மெட்ராஸ் விலாசம் கார்டில் வந்தது. இங்கே இருந்த அஞ்சு சுருளையும் பார்சலில் அனுப்புகிறேன்; ஆறாவது பம்பாயில் கழுவும்போதே கெட்டுவிட்டதாம். ஒரு மாதமாக எழுதி எழுதிக் கிழித்த கடிதம் இது. உங்கள் உடம்பு எப்படி இருக்கிறது? சரியாகச் சாப்பிடுகிறீர்களா? மேரி இன்றோ நாளையோ என்று இருக்கிறாள்.

சடையனை நான் நேரில் பார்த்ததில்லை. ஆனால் அஞ்சு சுருளில் பார்த்தவன். செய்தி வந்த அன்றே கோயிலுக்குப் போனேன். அவனுக்காகப் பூசை வைத்தேன். பளியனுக்கு என்ன பூசை என்று சாமியார் கேட்கவில்லை, நல்ல மனிதர்.

கணக்கப்பிள்ளை சுவாமிநாதன் எழுதியிருந்தார். வனக்காவலர் வந்து, குடியில் சுருட்டி வைத்திருந்த கயிற்றைப் பார்த்தாராம். எங்கும் அறுந்திருக்கவில்லையாம். அதனால் வேலுமணி கயிற்றை விட்டுவிட்டான் என்று தோட்டம் முழுக்கப் பேச்சு. வேலுமணி வாயே திறப்பதில்லை. இருளாயி ஒருத்திதான் அவனுக்காகப் பேசுகிறாளாம். "எங்கண்ணன் கயித்த விட்டு ஒரு அடி நகராது. ஈ கொட்டி இவருக்குத்தான் கை நழுவியிருக்கும்" என்று வருகிறவர் போகிறவரிடமெல்லாம் சொல்கிறாளாம். அண்ணன்தான் அவளுக்கும் பிள்ளைகளுக்கும் சோறு போடுகிறான்.

நீங்கள் அங்கே இருந்தீர்கள். கயிறு அறுந்தது என்று எழுதினீர்கள். அது அறுந்ததா இல்லையா?

உங்கள் பதிலை எதிர்பார்க்கும்
கஸ்பார்

---

மெட்ராஸ்
22-7-1961

மதிப்பிற்குரிய மச்சானுக்கு,

தந்தி கிடைத்தது. பெண் குழந்தை என்றதும் பக்கத்து அறைக்காரர்களுக்கு மிட்டாய் வாங்கிக் கொடுத்தேன். தாயும் பிள்ளையும் சுகம் என்று அறிந்து சந்தோஷம். மேரிக்கு என் அன்பைச் சொல்லுங்கள். ஞானஸ்நானத்துக்கு வர முடியுமா என்று பார்க்கிறேன்.

கோடம்பாக்கத்தில் ஒரு சின்ன அறையில் மேசை வாடகைக்கு எடுத்துப் படத்தை வெட்டி ஒட்டிக்கொண்டிருக்கிறேன். பம்பாய்த் திரைப்படக் கழகத்திலிருந்து ஒருவர் வந்து முதல் அஞ்சு சுருளையும் பார்த்தார். இந்த நாட்டில் இப்படி யாரும் எடுத்ததில்லை என்றார். தேன் வெட்டுகிற காட்சி இருந்தால் வெளிநாட்டு விழாவுக்கே அனுப்பலாம் என்கிறார்.

ஏழாவது சுருள் இந்நேரம் வந்திருக்க வேண்டுமே. உடனே அனுப்புங்கள்.

பணிவுள்ள
மரியசெல்வம்

---

நாயுடுபுரம்
6-8-1961

மரியசெல்வத்துக்கு,

மேரியும் குழந்தையும் சுகம். ஞானஸ்நானம் போன ஞாயிற்றுக்கிழமை முடிந்தது. தகப்பன் எங்கே என்று சாமியார் கேட்டார். படம் எடுக்கிறார் என்றேன்.

ஏழாவது சுருள் வந்தது. பிரித்தேன். ஓட்டினேன். நீ வேண்டாம் என்று எழுதியதால்தான் ஓட்டினேன்.

முதலில் சடையன் பட்டப்பகலில் கயிற்றில் இறங்குகிறான். உன்னைப் பார்த்துப் பல்லைக் காட்டுகிறான். மூஞ்சி தெளிவாகத்தான் விழுந்திருக்கிறது. பிறகு பாறை உச்சி. வேலுமணி மரத்தடி நிழலில் கயிற்றோடு நிற்கிறான். முகம் கரியாகத் தெரிகிறது. உன் பக்கம் திரும்பி, மாட்டேன் என்று தலையை ஆட்டுகிறான். அடுத்தது, கயிற்றை மரத்தில் முடிச்சுப் போட்டுவிட்டு ஏழெட்டு அடி தள்ளி வெயிலுக்கு வந்து நிற்கிறான். இரண்டு கையும் வெறுமனே தொங்குகின்றன. சிரிக்கச் சொன்னால் வருகிற சிரிப்புச் சிரிக்கிறான். அவன் முதுகுக்குப் பின்னால் கயிறு விறைத்துத் தளர்கிறது. மூன்று தடவை. தூக்கச் சொல்கிறான். கொஞ்சம் பொறுத்து மறுபடியும் மூன்று தடவை. அப்புறம் மரம் ஒரு குலுங்கு குலுங்கி, கயிறு பாரமில்லாமல் தொய்கிறது. வேலுமணி திரும்புகிறான். அதோடு சாவி தீர்ந்து படம் நிற்கிறது.

ஊமைப் படம்தான். ஆனாலும் உன் குரல் எனக்குக் கேட்டது. "வெயிலுக்கு வா, முகம் தெரியட்டும்" என்று நீ கூப்பிட்டிருக்கிறாய்.

அந்த மனிதன் கொலைகாரப் பட்டத்தோடு அங்கே இருக்கிறான். நீ மெட்ராஸில் மிட்டாய் கொடுக்கிறாய். புறப்பட்டு வா. நானும் கூட வருகிறேன். இருளாயியிடமும் ஊராரிடமும் நடந்ததைச் சொல். அதன் பிறகு சுருளை எடுத்துக்கொண்டு போ.

கஸ்பார்

---

மெட்ராஸ்
8-10-1961

மச்சானுக்கு,

இரண்டு மாதமாக உங்கள் கடிதம் மேசை மேல் கிடக்கிறது. மேரி எழுதியதும் கிடைத்தது. குழந்தைக்குச் சளி என்று எழுதியிருந்தாள். இப்போது குணமா?

நீங்கள் எழுதியது எல்லாம் சரி. நான்தான் கூப்பிட்டேன். முதல் தடவை மாட்டேன் என்றான். இரண்டாவது தடவை கொஞ்சம் சத்தமாகக் கூப்பிட்டேன். அரை நிமிஷ வேலை என்றேன். அவர்களுக்கு யாராவது சத்தம் போட்டால் தாங்காது. அதனால்தான் வந்தான். சடையன் விழுந்த பிறகு, கயிறு அறுந்தது என்று நான்தான் சொன்னேன். வேலுமணி என்னையே பார்த்துக்கொண்டு நின்றான். இன்றைக்கும் அந்தப் பார்வை கண்ணை விட்டுப் போகவில்லை.

நான் வந்து சொன்னால் என்ன ஆகும்? சடையன் எழுந்து வரப்போவதில்லை. அவன் இருந்தான் என்பதற்கு இந்தப் படம் ஒன்றுதான் மிஞ்சும். இருளாயி முகத்தைப் பார்க்க எனக்குத் தைரியம் இல்லை மச்சான். இதுதான் உண்மை. சொல்லியே ஆக வேண்டும் என்றால் நீங்கள் சொல்லுங்கள். நான் தடுக்கவில்லை. சுருளை மட்டும் எனக்கு அனுப்பிவிடுங்கள்.

மரியசெல்வம்

---

நாயுடுபுரம்
12-11-1961

மரியசெல்வத்துக்கு,

நீ வராததால் நான் போய்வந்தேன். குழந்தைக்குச் சளி குணமாகிவிட்டது.

தோட்டத்தில் கரண்டு மெஷின் பழுது என்று சுவாமிநாதன் சொல்லியிருந்தார். அதனால் சுருளில் ஒரு சாண் வெட்டி எடுத்துக்கொண்டேன். வேலுமணி வெயிலில் நிற்கிற துண்டு. பள்ளிக்கூடத்துப் பூதக்கண்ணாடியும் கொண்டுபோனேன். வத்தலக்குண்டில் லாரி பிடித்து, தோட்டத்திலிருந்து ஒரு மணி நேரம் நடந்தேன். பெரிய நியாயம் செய்யப் போகிறவன் மாதிரி எனக்கு உள்ளுக்குள் ஒரு பெருமை வேறு. அதையும் எழுதித்தான் ஆக வேண்டும்.

இருளாயி வாசலில் இருந்தாள். வேலுமணி அவளுக்கு விறகு பிளந்துகொண்டிருந்தான். பெரிய பிள்ளை விறகை அடுக்கிக்கொண்டிருந்தது. நான் உன் மச்சான் என்றதும் பாய் எடுத்துப் போட்டாள். உன் சுகத்தைக் கேட்டாள்.

"உங்க அண்ணன் கயித்த விடலம்மா. எங்க மாப்பிள்ளைதான் அவர அந்தப் பக்கம் கூப்பிட்டாரு. தப்பு பூராவும் எங்க மேல. இந்தா பாரு, இதுல இருக்கு" என்று துண்டை வானத்துக்கு நேரே பிடித்து, கண்ணாடியை அவள் கண்ணில் வைத்தேன்.

ரொம்ப நேரம் பார்த்தாள். அண்ணனைக் கண்டதும் முகத்தில் ஒரு சந்தோஷம் வந்தது. பிறகு கண்ணாடியை நகர்த்தி நகர்த்திப் பார்த்தாள்.

"கையில கயித்தக் காணோமே?" என்றாள்.

"அதான் சொல்றேன்ம்மா. அவரு விடல. கூப்பிட்டதுக்கு வந்து நின்னாரு. கயிறு பின்னால கட்டிக் கெடக்கு பாரு."

அவள் என்னைப் பார்க்கவில்லை. வேலுமணியைப் பார்த்தாள்.

"அண்ணே, நீ கயித்துல இல்லையா?"

அவன் அரிவாளைக் கீழே வைத்தான். "சாரு கூப்பிட்டாரு" என்றான். அந்த ஊரில் அவன் பேசி நான் கேட்டது அது மட்டும்தான்.

"கூப்பிட்டா போயிருவியா?"

அதைச் சத்தம் போட்டுக்கூடக் கேட்கவில்லை. எனக்கு அப்போதுதான் உறைத்தது. ஊரே பழி சொன்னபோது இவள் ஒருத்திதான் அவன் நகர்ந்திருக்க மாட்டான் என்று இருந்தாள். யார் கூப்பிட்டார்கள், ஏன் கூப்பிட்டார்கள் என்பதெல்லாம் எனக்கும் உனக்கும்தான் பெரிசு. அங்கே கயிற்றில் நிற்கிறவன் நகரக் கூடாது, அவ்வளவுதான். நான் என்னென்னவோ சொன்னேன். எதுவும் அவள் காதில் ஏறவில்லை. வேலுமணி எழுந்து காட்டுப் பக்கம் போனான்.

அன்று தோட்டத்தில் படுத்தேன். காலையில் வெள்ளனே மறுபடியும் போனேன். இருளாயி குடிசையில் சட்டி பானைகூட இல்லை. பிள்ளைகளைக் கூட்டிக்கொண்டு போய்விட்டாளாம். எங்கே என்று யாரும் சொல்லவில்லை. அவர்களுக்குள் சண்டை கிடையாது. ஒத்துவரவில்லை என்றால் எழுந்து போய்விடுவார்கள். வேலுமணியும் திரும்பவில்லை. பிளந்த விறகு அடுக்கினபடி இருந்தது.

நீ கெடுத்ததில் மிச்சம் இருந்ததை நான் கெடுத்துவிட்டு வந்திருக்கிறேன். வாத்தியார் வேலையில் எத்தனையோ பிள்ளைகளுக்கு உண்மை பேசச் சொல்லிக் கொடுத்திருக்கிறேன். திங்கட்கிழமை வகுப்புக்குப் போக எனக்குக் கால் வரவில்லை.

உன் சுருளைத் தனியாக ரிஜிஸ்டர் செய்திருக்கிறேன். இனி அதை இந்த வீட்டில் வைத்திருக்க என்னால் முடியாது.

கஸ்பார்

---

மெட்ராஸ்
18-12-1961

மதிப்பிற்குரிய மச்சானுக்கு,

உங்களுக்கும் அக்காவுக்கும் மேரிக்கும் குழந்தைக்கும் கிறிஸ்துமஸ் வாழ்த்துகள். குழந்தை குப்புற விழுந்துவிட்டதாக மேரி எழுதியிருந்தாள். உங்கள் முதுகுக்குக் குளிர் ஒத்துக்கொள்கிறதா?

சுருள் பத்திரமாக வந்து சேர்ந்தது. படம் விழாவுக்குத் தேர்வாகிவிட்டது. பிப்ரவரியில் காட்டுகிறார்கள். என்னையும் கூப்பிட்டிருக்கிறார்கள். நீங்கள் சந்தோஷப்படுவீர்கள் என்று சொல்ல முடியாது. ஆனாலும் முதலில் உங்களுக்குத்தான் எழுதுகிறேன்.

நீங்கள் போய்வந்ததைப் பற்றி எழுதியிருந்ததைப் படித்தேன்.

வேலுமணி வெயிலில் நிற்கிற இடத்தில் ஒரு சாண் குறைகிறது. படம் அந்த இடத்தில் தாவுகிறது. மாற்றுப் பிரதி கிடையாது என்பது உங்களுக்குத் தெரியும். நீங்கள் வெட்டிய துண்டைக் காகிதத்தில் சுற்றி அனுப்பினால் ஒட்டிவிடுவேன். ஜனவரி பதினைந்துக்குள் கிடைத்தால் போதும்.

பணிவுள்ள
மரியசெல்வம்

---

நாயுடுபுரம்
4-1-1962

மரியசெல்வத்துக்கு,

இங்கே எல்லோர் உடம்பும் நன்றாகத்தான் இருக்கிறது. மேரி உன் சட்டைகளைத் தேய்ப்பதை நிறுத்திவிட்டாள். நான் அவளிடம் ஒன்றும் சொல்லவில்லை. நீ எனக்கு எழுதிய கடிதங்களை அவளே எடுத்துப் படித்திருக்கிறாள்.

துண்டு என்னிடம் இல்லை. அன்று இருளாயி அதைத் திருப்பித் தரவில்லை, நானும் கேட்கவில்லை. குடிசையில் எதையும் விடாமல் எடுத்துக்கொண்டு போனவள் அதையும் எடுத்துப் போயிருக்கிறாள். பண்ணைக்காட்டுப் பக்கம் பார்த்ததாக ஒருவர் சொல்கிறார். ஒட்டன்சத்திரம் சந்தையில் இரண்டு பிள்ளைகளோடு மூட்டை தூக்குகிறாள் என்று இன்னொருவர் சொல்கிறார். வேலுமணியைப் பார்த்ததாக யாரும் சொல்லவில்லை.

உனக்குத் தேவைப்பட்டால் நீயே தேடிப் போய் அவளிடம் கேட்டு வாங்கிக்கொள்.

கஸ்பார்